காதுகுத்து முதல் கருமாதி வரை: விசேஷ வீட்டில் பழைய மனத்தாங்கல் வெடித்தால் (அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்)

மதுரை, மேலூர், உசிலம்பட்டி, திருமங்கலம் பக்கத்துக் குடும்பங்களில் நல்லது கெட்டதுக்குக் கூடும்போது எழும் சண்டைகளைப் பற்றியே திரும்பத் திரும்பக் கேட்கிறார்கள். சட்டம் சம்பந்தப்பட்ட பதில்கள் இந்து வாரிசுரிமைச் சட்டத்துக்கு உட்பட்ட குடும்பங்களுக்கானவை.

வருஷக்கணக்கில் வாய் திறக்காதவர்கள் விசேஷத்தன்று மட்டும் ஏன் வெடிக்கிறார்கள்?

மற்ற நாட்களில் யாருக்கு என்ன இடம் என்று யாரும் சொல்ல வேண்டியதில்லை. விசேஷத்தன்று சொல்லியே ஆகவேண்டும். பத்திரிகையில் யார் பெயர் முதலில், யார் மடியில் பிள்ளை, யார் கையால் கோடி (புதுத்துணி), யாருக்கு உருமா (சடங்கில் கட்டும் தலைப்பாகை), மொய் நோட்டில் முதல் வரி யாருக்கு. இத்தனையும் ஒரே நாளில் ஊரார் கண்முன் முடிவாகிறது. அண்ணன் தம்பிக்குள் இருபது வருஷமாகக் கிடக்கும் கிணற்றுப் பங்கு விவகாரம், "பேரைக் கீழே போட்டுட்டான்" என்ற ஒரு சொல்லில் மேலே வந்துவிடும். அதனால் சண்டை எதைப் பற்றித் தொடங்கியது என்பதை மட்டும் பார்த்து நியாயம் சொன்னால் நிற்காது. பெயரைத் திருத்திப் புதுப் பத்திரிகை அடித்துக் கொடுத்தாலும் அவர் கோபம் போகாது.

விசேஷத்துக்கு முன்னால் எதையெல்லாம் சரிபார்க்க வேண்டும்?

பத்திரிகை அச்சுக்குப் போகும் முன் அதன் நகலை இரு பக்கத்திலும் ஒரு வயதான பெண்ணிடம் வாசித்துக் காட்டுங்கள். முறை தவறியதையும் விட்டுப்போன பெயரையும் ஆண்களைவிட அப்பத்தாவும் அம்மாச்சியும்தான் சட்டென்று பிடிப்பார்கள். தகப்பன் இல்லாத வீட்டில் சித்தப்பா பெயரை விடுவது, இறந்தவர் பெயருக்கு முன் 'தெய்வத்திரு' போடாமல் விடுவது, இரண்டு தாய்மாமன்களில் வெளியூரில் இருப்பவரை மறப்பது ஆகிய மூன்றும்தான் அடிக்கடி நடக்கும் தவறுகள்.

அடுத்தது ஃபிளெக்ஸ். நம் பக்கத்தில் இப்போது பத்திரிகையைவிட இதுதான் அதிகச் சண்டை மூட்டுகிறது. பெரும்பாலும் இளவட்டங்கள் இரவோடு இரவாக டிசைன் செய்து கட்டிவிடுகிறார்கள், வீட்டுப் பெரியவர்கள் பார்ப்பதே காலையில்தான். பங்காளிகள் படமெல்லாம் ஒரே அளவில் இருக்கட்டும். ஒருவர் படம் கிடைக்கவில்லை என்றால் அந்த வரிசையில் யார் படமும் வேண்டாம், பெயர்கள் மட்டும் போதும்.

பிறகு அழைப்பு. வாட்ஸ்அப்பில் அனுப்பிவிட்டு "வந்துருங்க" என்று சொல்வது அழைப்பில்லை. பேச்சுவார்த்தை விட்டுப்போன வீட்டுக்குப் புருஷன் பெண்டாட்டி இருவரும் நேரில் போய், வெற்றிலை பாக்கோடு பத்திரிகை வைக்க வேண்டும். 'பாக்கு வைக்கலை' என்ற குறை பேரன் காலம்வரை பேசப்படும்.

எங்கள் தாய்மாமன் ஆறு வருஷமாகப் போக்குவரத்தில் இல்லை. காதுகுத்துக்கு அவரை எப்படி அழைப்பது?

நாள் குறிப்பதற்கு முன்னாலேயே போங்கள். இதில்தான் முக்கால்வாசிப் பேர் தவறுகிறார்கள். தேதி குறித்து, மண்டபம் பிடித்து, பத்திரிகையோடு போய் நின்றால், "எல்லாத்தையும் முடிச்சுட்டுச் சீருக்கு மட்டும் மாமனா?" என்றுதான் அவருக்குத் தோன்றும். முகூர்த்தத்துக்கு நாற்பது, ஐம்பது நாள் இருக்கும்போதே, "மாமா, பிள்ளைக்குக் காதுகுத்தணும். ஒங்களுக்கு எந்த மாசம் தோதுப்படும்னு கேக்க வந்தோம்" என்று தொடங்குங்கள்.

கூட யாரையும் கூட்டிப்போகாதீர்கள். பஞ்சாயத்துக்கு வந்ததுபோல் ஆகிவிடும். அவருடைய அக்காளோ தங்கையோ, அதாவது பிள்ளையின் அம்மா, கட்டாயம் போக வேண்டும். பழைய விஷயத்தை அவர் எடுத்தால் கேளுங்கள், பதில் வாதம் வேண்டாம். அவர் எடுக்காவிட்டால் நீங்களும் எடுக்காதீர்கள். அன்று அந்த வீட்டில் காப்பியோ சோறோ எதைக் கொடுத்தாலும் வாங்கிக் கை நனைத்துவிட்டு வாருங்கள்.

சீரைப் பற்றி அன்று பேசவே கூடாது. அவருக்கு வசதி குறைந்திருக்கலாம். 101 தட்டு, மேளம், கிடாய் என்று ஊரில் ஓடும் கணக்கை நினைத்தே பல மாமன்கள் பழைய சண்டையைச் சாக்காக வைத்து வராமல் இருக்கிறார்கள். "நீங்க வந்து மடியில வச்சா போதும் மாமா" என்று பிள்ளையின் அம்மா சொன்னால் பாதி முடிச்சு அங்கேயே அவிழ்ந்துவிடும்.

இரண்டு தாய்மாமன்கள், ஒருவரோடு ஒருவர் பேசுவதில்லை. பிள்ளையை யார் மடியில் வைப்பது?

மூத்தவர் மடியில் மொட்டை, இளையவர் மடியில் காதுகுத்து. இல்லையென்றால் மாற்றிக்கொள்ளலாம். எதுவானாலும் இருவருக்கும் பத்து நாள் முன்பே தனித்தனியாகச் சொல்லி ஒப்புதல் வாங்கிவிடுங்கள். ஆசாரி ஊசியோடு உட்கார்ந்தபின், "யாரு மாமன், வாங்கப்பா" என்று மைக்கில் கூப்பிடுவதுதான் வினை. சீர் வரும் நேரத்தையும் அரை மணி தள்ளி வையுங்கள். இரண்டு மேளமும் ஒரே தெருமுனையில் சந்திக்க வேண்டாம்.

மொய்யில் பிரச்சினை. நாங்கள் செய்ததைவிடக் குறைவாக எழுதிவிட்டார்கள். கேட்கலாமா?

விசேஷத்தன்று கேட்கவே கேட்காதீர்கள். முதலில் உங்கள் பழைய நோட்டை எடுத்துப் பாருங்கள். மொய்த் தகராறில் பெரும்பகுதி எழுதியவர் கைப்பிழையால் வருவது. 'கருப்பையா, மேலூர்' என்று எழுதினால் அந்தப் பெயரில் ஏழு பேர் இருப்பார்கள். தகப்பன் பெயர், பட்டப்பெயர், ஊர், தெரு நான்கும் வேண்டும். கம்ப்யூட்டர் மொய் வைத்தாலும் இதே கதைதான், தட்டச்சு செய்பவருக்கு உங்கள் சொந்தபந்தம் தெரியாது. பக்கத்தில் உறவு தெரிந்த ஒருவரை உட்கார வையுங்கள். ஒருவர் வாங்க, ஒருவர் எண்ண, ஒருவர் எழுத வேண்டும். மூன்றையும் ஒரே ஆள் செய்யும் மேசையில்தான் கணக்கு உதைக்கும்.

தொகை உண்மையிலேயே குறைவு என்றால் காரணம் பணமாகவே இருக்க வேண்டியதில்லை. 2012-ல் ஒரு பவுன் 25,000 ரூபாய்க்குள் இருந்தது, 2024-ல் 50,000-ஐத் தாண்டிவிட்டது. அன்று 5,001 எழுதியவருக்கு இன்று 5,501 திரும்பி வந்தால் நோட்டுக் கணக்குப்படி அது கூடுதல், ஆனால் வாங்கியவர் மனதில் குறைவு. இதைத் துரோகமாக எடுத்துக்கொள்ளாதீர்கள். நீங்கள் செய்தது பவுனாக இருந்து வந்தது ரொக்கமாக இருந்தால் மட்டும், ஒரு மாசம் கழித்து வீட்டுப் பெண்கள் மூலமாக விசாரிக்கலாம்.

மொய்த் தொகையை மைக்கில் வாசிக்கும் வழக்கத்தை விட்டுவிடலாம் என்பது எங்கள் எண்ணம். பெயரை மட்டும் வாசித்தால் யாருக்கும் நஷ்டமில்லை.

பந்தலில் சத்தம் தொடங்கிவிட்டது. அந்த நேரத்தில் என்ன செய்வது?

சத்தத்துக்கு முன்பே அறிகுறி தெரியும். செருப்பைக் கழற்றாமல் வாசலிலேயே நிற்பார். வண்டிச்சாவி கையிலேயே இருக்கும். மொய் எழுதிவிட்டுப் பந்திக்கு வரமாட்டார். வற்புறுத்தி உட்கார வைத்தால் இலைக்குத் தண்ணீர் தெளிக்கமாட்டார். சோறு விழும், குழம்பு விழும், கை மட்டும் மடியிலேயே இருக்கும். இதைப் பார்க்கத் தெரிந்த ஓர் அத்தையைப் பந்தியில் நிறுத்துங்கள். அவர் போய்ப் பக்கத்தில் குனிந்து, "என்னய்யா, என்ன மனசுல?" என்று கேட்டாலே பல சண்டை எழாமல் போய்விடும்.

எழுந்துவிட்டால், மைக்கை முதலில் அணையுங்கள். பாட்டை நிறுத்த வேண்டாம், நிறுத்தினால் பந்தல் முழுக்கத் திரும்பிப் பார்க்கும். கத்துகிறவரை இழுக்காதீர்கள். அவருக்குக் கீழான முறையில் உள்ளவர்கள், அதாவது மருமகன், தம்பி மகன், சின்னவர்கள், தடுக்கப் போகக்கூடாது. கை பட்டதும் "என்னைய அடிக்க வந்துட்டான்" என்று வேறு கதையாகிவிடும். அவருக்குச் சமமான முறையில் இருக்கும் மச்சானோ சகலையோ போய்த் தோளில் கை போட்டு, வாசலுக்கு வெளியே நிழலுக்குக் கூட்டிப்போகட்டும். அதே நேரம் எதிராளியை வேறொருவர் சமையல் பக்கம் கொண்டுபோக வேண்டும். ஒருவரை மட்டும் அப்புறப்படுத்தினால் அவர்தான் குற்றவாளி என்றாகிவிடும்.

வெளியே போனபின் சொல்ல வேண்டியது இவ்வளவுதான்: "அண்ணே, நீங்க சொன்னது எனக்குக் கேட்டுச்சு. இல்லைன்னு சொல்லல. இது பந்தல்ல பேசுற பேச்சில்ல. வர்ற ஞாயித்துக்கெழம காலையில பத்து மணிக்கு நானே ஒங்க வீட்டுக்கு வாரேன். இப்ப வாங்க, கை நனைங்க." தேதியும் நேரமும் இருக்க வேண்டும். "அப்புறம் பேசிக்கலாம்" என்ற சொல்லை அவர் பத்து வருஷமாகக் கேட்டுக்கொண்டிருக்கிறார். அதைத் திரும்பச் சொன்னால் கோபம் கூடும்.

பந்தலில் தீர்ப்பு மட்டும் வேண்டாம். அங்கே சொல்லப்படும் 'நீ செஞ்சது தப்பு' என்ற சொல் நியாயமாகவே இருந்தாலும், நூறு பேர் முன்னால் கேட்டதால் அவரால் அதை ஏற்றுக்கொள்ள முடியாது. செல்போனில் படம் பிடிக்கும் பிள்ளைகளை ஒருவர் பொறுப்பாகப் பார்த்துக்கொள்ளட்டும். அன்றிரவே குடும்பக் குழுவில் அந்த வீடியோ வந்தால் ஞாயிற்றுக்கிழமைப் பேச்சுக்கு இடமே இருக்காது.

குடித்துவிட்டு வந்து பேசுகிறார்கள். அதை எப்படித் தடுப்பது?

டாஸ்மாக் கடை பகல் 12 மணிக்குத்தான் திறக்கும். காலை 9 மணிக்குள் காதுகுத்து, 11 மணிக்குக் கறிவிருந்து என்று வைத்தால் பாதிச் சண்டை குறையும். மூன்று மணிக்குப் பந்தி போடும் விசேஷங்களில்தான் வம்பு. குடித்துவிட்டுச் சொன்னதைப் பொய் என்று தள்ளிவிடாதீர்கள். அன்று பதில் பேசக்கூடாது, அவ்வளவுதான். ரெண்டு நாள் கழித்துத் தெளிவாக இருக்கும்போது, "அன்னைக்கு ஒரு விஷயம் சொன்னீங்களே" என்று நீங்களே போய்க் கேளுங்கள்.

கருமாதி அன்றே அக்கா தங்கைகளிடம் கையெழுத்து வாங்கிவிடலாம் என்கிறார்கள். சரியா?

கூடாது. நம் பக்கத்துக் குடும்பங்கள் நிரந்தரமாக உடைவது பெரும்பாலும் இந்த இடத்தில்தான். பதினாறாம் நாள், உருமா கட்டி முடிந்திருக்கும். அழுது முகம் வீங்கிய தங்கையை உள்ளறைக்குக் கூப்பிட்டு, "வாரிசுச் சான்றுக்குத்தான், போடு தாயி" என்று மடித்த பத்திரத்தாளை நீட்டுவார்கள். என்ன எழுதியிருக்கிறது என்று கேட்டால் அண்ணனை நம்பாதவள் ஆகிவிடுவாள். கேட்காமல் போட்டால் ஆயுசுக்கும் அந்த மடித்த தாள் அவள் நெஞ்சில் கிடக்கும்.

வாரிசுச் சான்றுக்கு யாரும் பங்கை விட்டுக்கொடுத்துக் கையெழுத்துப் போட வேண்டியதில்லை. இறப்பை 21 நாட்களுக்குள் பதிந்து சான்று வாங்குங்கள். பிறகு இ-சேவை மையம் வழியாக வாரிசுச் சான்றுக்கு விண்ணப்பித்தால் தாசில்தார் அலுவலகம் விசாரித்துத் தரும். அதில் மனைவி, மகன்கள், மகள்கள் எல்லோரும் இருக்க வேண்டும். இறந்தவரின் தாய் உயிரோடிருந்தால் அவரும் முதல்நிலை வாரிசு. மூலையில் உட்கார்ந்திருக்கும் அப்பத்தாவைத்தான் பலரும் மறந்துவிடுகிறார்கள். பின்னால் பத்திரம் அதனாலேயே சிக்கலாகிறது.

பெண்ணுக்கு நகை போட்டுக் கட்டிக்கொடுத்தாயிற்று, இனி பங்கில்லை என்கிறார்களே?

சட்டத்தில் அப்படி இல்லை. தமிழ்நாட்டில் 25.3.1989 முதல், அந்தத் தேதிக்குமுன் கல்யாணம் ஆகாத பெண்களுக்குப் பூர்வீகச் சொத்தில் ஆண்களுக்குச் சமமான உரிமை வந்தது. 9.9.2005-ல் வந்த மத்தியச் சட்டத் திருத்தம் கல்யாணம் ஆனவர்களுக்கும் அதை விரித்தது. அந்தத் தேதியில் தகப்பன் உயிரோடு இருந்திருக்க வேண்டுமா என்ற குழப்பத்தை உச்ச நீதிமன்றம் 11.8.2020-ல் தீர்த்தது: தேவையில்லை, மகளுக்கு அது பிறப்பால் வரும் உரிமை. 20.12.2004-க்கு முன் பதிவுப் பத்திரத்தாலோ நீதிமன்றத் தீர்ப்பாலோ முடிந்துபோன பாகப்பிரிவினையைக் கிளற முடியாது. 'அப்பா அப்பவே வாய்மொழியாப் பிரிச்சுட்டாரு' என்று சொன்னால் மட்டும் போதாது, எழுத்துச் சான்று கேட்பார்கள்.

தகப்பன் சொந்தமாகச் சம்பாதித்த சொத்தை அவர் விரும்பியவருக்கு எழுதலாம். எழுதாமல் இறந்தால் தாய், மனைவி, மகன், மகள் எல்லோருக்கும் சமபங்கு. போட்ட நகையைப் பங்கில் கழிப்பது குடும்பத்துக்குள் ஒப்புக்கொண்டு செய்துகொள்ளும் ஏற்பாடு. அந்த ஒப்புதல் மகளுடையதாகவும் இருக்க வேண்டும்.

தங்கை மனமொப்பி விட்டுக்கொடுக்கிறாள் என்றால் அதற்கு விடுதலைப் பத்திரம் எழுதிச் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிய வேண்டும். வெற்றுத்தாளில் வாங்கிய கையெழுத்தும் பதியாத விடுதலைப் பத்திரமும் நிலத்துக்குச் செல்லாது. பேச்சுக்கு உட்காரும் முன் பட்டா, மூலப்பத்திரம், வில்லங்கச் சான்று மூன்றையும் எடுத்து, எல்லோருக்கும் ஒரு நகல் கொடுத்துவிடுங்கள். வில்லங்கச் சான்றைப் பதிவுத்துறை இணையதளத்திலேயே பார்க்கலாம். பதியாத அடமானமும் கூர்சீட்டும் (குடும்பத்துக்குள் எழுதிக்கொண்ட பாகச்சீட்டு) அதில் தெரியாது. அதனால், "வேறெதாச்சும் கைக்கடன், எழுத்து இருக்கா?" என்று வாய்விட்டும் கேட்க வேண்டும்.

அம்மாவின் நகையை எப்படிப் பிரிப்பது? தண்டட்டி எடையிலேயே சண்டை வந்துவிட்டது.

தண்டட்டி பார்வைக்குக் கனமாக இருக்கும். தங்கத் தகட்டை அடித்து வடிவாக்கி உள்ளே அரக்கு அடைத்திருப்பார்கள். அப்பத்தா காதில் அது தோள்வரை தொங்குவதைப் பார்த்து வளர்ந்த பிள்ளைகள் மனதில் எட்டுப் பவுன் என்று பதிந்திருக்கும். அரக்கை நீக்கி நிறுத்தால் பாதிகூட வராமல் போகலாம். உடனே, 'கடைக்காரனோடு சேர்ந்து அமுக்கிட்டா' என்ற பழி, கடைசிக் காலத்தில் அம்மாவைப் பார்த்துக்கொண்ட மகளின் மேல் விழும். ஆகவே நகையை எடைக்குத் தனியாக யாரும் கொண்டுபோகாதீர்கள். எல்லாப் பிள்ளைகளும், அல்லது அவர்கள் அனுப்பும் ஆளும், ஒன்றாக மதுரை நகைக்கடைத் தெருவான தெற்கு ஆவணி மூல வீதிக்குப் போய், கண்முன்னே நிறுத்துச் சீட்டு வாங்குங்கள். மொத்த எடை, கல் எடை, அரக்கு, மாற்று நான்கும் சீட்டில் இருக்கட்டும். போகுமுன் ஒவ்வொன்றையும் படம் எடுத்து வையுங்கள்.

பிரிக்கப் பழைய வழியே நல்ல வழி: மூத்தவர் பங்கு வைக்க, இளையவர் முதலில் எடுப்பது. வைப்பவருக்குக் கடைசிப் பங்குதான் என்பதால் கை கோணாது. ஒரே பொருளை இருவர் கேட்டால் திருவுளச்சீட்டு போட்டு, வீட்டுச் சின்னப் பிள்ளையை எடுக்கச் சொல்லுங்கள். கடைசி நாட்களில் அம்மாவுக்கு மலம் மூத்திரம் எடுத்தவருக்கு ஒரு பொருளைத் தனியே கொடுத்துவிட்டு மீதியைப் பிரிப்பது எவ்வளவோ வீடுகளில் மனத்தாங்கலைத் தணித்திருக்கிறது. அதை எல்லோர் முன்னும் வாய்விட்டுச் சொல்லிக் கொடுக்க வேண்டும்.

சாவு வீட்டுக்கு அப்பாவின் இன்னொரு குடும்பம் வந்து நிற்கிறது. எங்களுக்கே அன்றுதான் தெரியும்.

விரட்டாதீர்கள். வந்திருக்கும் பிள்ளைகளுக்கும் அது தகப்பன் உடல்தான். பங்காளிகளில் நிதானமான ஒருவர் போய், அவர்களை ஓரமாக நாற்காலியில் உட்கார வைத்து, மாலை போட நேரம் சொல்லட்டும். நீர்மாலை (உடலைக் குளிப்பாட்டும் தண்ணீர்) எடுக்க எல்லோரும் வெளியே போகும் நேரம் அதற்கு ஏற்றது. கொள்ளி, உருமா இவற்றை யார் செய்வது என்பது ஊருக்கு ஊர், வகையறாவுக்கு வகையறா மாறும். அதைப் பிணத்தை வைத்துக்கொண்டு வழக்காடாமல், வழக்கப்படி முறைக்காரர் செய்துவிட்டுப் போகட்டும். கொள்ளி வைத்ததால் சொத்துரிமை கூடாது, வைக்காததால் குறையாது. இந்த ஒரு விஷயம் தெரியாததாலேயே சுடுகாட்டில் அடிதடி நடக்கிறது.

அன்றைய கவனம் எல்லாம் அம்மாவின் மேல் இருக்க வேண்டும். 'உனக்குத் தெரியுமா, தெரியாதா' என்று அன்று அவரிடம் யாரும் கேட்கக்கூடாது. தெரிந்திருந்து பிள்ளைகளுக்காக வாய் மூடியிருந்த தாய்கள் நிறையப் பேர்.

சட்டப்படி, முதல் மனைவி இருக்கும்போது நடந்த இரண்டாவது கல்யாணம் செல்லாது, அந்தப் பெண்ணுக்கு மனைவி என்ற வாரிசுரிமை வராது. அதில் பிறந்த பிள்ளைகள் முறையான பிள்ளைகளே, தகப்பன் சொத்தில் பங்கு உண்டு. பூர்வீகச் சொத்தில் தகப்பனுக்கு வரும் பங்கிலும் அவர்களுக்கு உரிமை உண்டு என்று உச்ச நீதிமன்றம் 1.9.2023-ல் சொன்னது. கல்யாணம் நடந்ததா என்பதில் தகராறு இருந்தால் வழக்கறிஞரைப் பாருங்கள். அவர்களை மறைத்து வாரிசுச் சான்று வாங்கினால் பின்னால் அந்தச் சான்றே ரத்தாகும். வங்கியில் நாமினியாகப் பெயர் இருப்பவர், வாரிசுகளுக்காகப் பணத்தை வாங்கிக் கொடுப்பவர் மட்டுமே.

தங்கை பிள்ளையை நாங்கள் வளர்க்கிறோம். விசேஷத்தில் யாராவது போட்டு உடைத்துவிடுவார்களோ என்று பயம்.

உடைத்துவிடுவார்கள். உறவுக்குள் கொடுத்து வாங்கிய பிள்ளை என்றால் குறைந்தது முப்பது பேருக்குத் தெரிந்திருக்கும். எல்லோர் வாயையும் அடைக்க முடியாது. பிள்ளையிடம் நீங்கள் முந்திக்கொள்ளலாம். நாலைந்து வயதிலேயே கதைபோலச் சொல்லத் தொடங்குவது நல்லது. பெரிய பிள்ளை என்றால் விசேஷத்துக்கு இரண்டு மாசமாவது முன்னால், பரீட்சை இல்லாத நாளில், வளர்த்த இருவரும் சேர்ந்து உட்கார்ந்து சொல்லுங்கள். யார் பெற்றது, ஏன் கொடுத்தார்கள், யார் யாருக்குத் தெரியும் என்ற மூன்றையும் ஒளிக்காமல் சொல்ல வேண்டும். மூன்றாவதைத்தான் எல்லோரும் விடுகிறார்கள். 'ஊருக்கே தெரிஞ்சு எனக்கு மட்டும் தெரியலையா' என்பதுதான் பிள்ளைக்கு வலிக்கும் இடம். பிறகு சில நாள் பேசாமல் இருந்தால் தொந்தரவு செய்யாதீர்கள், சாப்பாட்டு நேரத்தில் மட்டும் பக்கத்தில் இருங்கள்.

எழுத்தையும் பாருங்கள். வெறுமனே வளர்ப்பதால் தத்து ஆகாது. கொடுத்தல், வாங்கல் முறைப்படி நடந்திருக்க வேண்டும். பதிந்த தத்துப் பத்திரம் இருந்தால் பின்னால் கேள்வி வராது.

கருப்பர் கோயிலில் சத்தியம் செய்யச் சொல்கிறார்கள். போகலாமா?

அழகர்கோயில் பதினெட்டாம்படிக் கருப்பர் சன்னிதிக் கதவு முன் நின்று வழக்குத் தீர்ப்பது இந்தப் பக்கத்தில் நெடுங்காலமாக இருக்கும் வழக்கம். அதை நம்புகிறவர்களின் நம்பிக்கையை நாங்களும் மதிக்கிறோம். ஆனால் அண்ணன் தம்பிக்குள் அதைக் கடைசி வழியாகக்கூட வைத்துக்கொள்ள வேண்டாம் என்றுதான் சொல்வோம். சத்தியம் செய்த அன்று வழக்குத் தீரும். பத்து வருஷம் கழித்து ஒரு வீட்டில் பிள்ளைக்குக் காய்ச்சல் வந்தாலும் அந்தச் சத்தியத்தின் தலையில் போடுவார்கள், அடுத்த தலைமுறை பெண் கொடுக்க எடுக்கவும் தயங்கும். எழுத்தாலும் சாட்சியாலும் தீரக்கூடிய காரியத்துக்குச் சாமியைக் கூப்பிடாதீர்கள்.

காலில் விழுந்து மன்னிப்புக் கேட்டால் முடிந்துவிடுமா?

மனதாரத் தானே விழுந்தால் சரி. மற்றவர்கள் தள்ளி விழவைத்தால், விழுந்தவர் அதைப் புதுக் கணக்காக எழுதிக்கொள்வார்.

வெளிவந்தது சின்ன வயதில் உறவினர் ஒருவர் செய்த பாலியல் கொடுமை என்றால்?

இதை மனத்தாங்கல் கணக்கில் சேர்க்கவே கூடாது, இது குற்றம். சமாதானம் பேசவோ, 'குடும்ப மானம்' என்று மூடவோ யாருக்கும் உரிமையில்லை. சொன்னவரை நம்புங்கள், கூட்டத்தில் குறுக்குக் கேள்வி கேட்காதீர்கள், அந்த உறவினர் இருக்கும் இடத்திலிருந்து அவரை உடனே வேறிடம் கூட்டிப்போங்கள். பாதிக்கப்பட்டவர் இன்னும் 18 வயது ஆகாதவர் என்றால், 2012-ம் ஆண்டின் போக்சோ சட்டப்படி தெரிந்தவர் தெரிவித்தே ஆகவேண்டும். குழந்தைகள் உதவி எண் 1098-க்கு அழைக்கலாம். பெண்களுக்கு 181, மன உளைச்சலுக்கு டெலிமானஸ் 14416.

ஞாயிற்றுக்கிழமை பேச்சுக்கு யாரை நடுவில் வைப்பது? எப்படி நடத்துவது?

இரு பக்கமும் ஆளுக்கொருவர், பொதுவாக ஒருவர். அந்தப் பொதுவானவருக்கு இரு வீட்டிலும் கடன், குத்தகை, பெண் கொடுக்கும் பேச்சு எதுவும் இருக்கக்கூடாது. மூவரில் ஒருவராவது பெண்ணாக இருக்கட்டும். அத்தைகளுக்குத் தெரிந்த பின்னணி சித்தப்பாக்களுக்குத் தெரியாது.

காலைச் சாப்பாட்டுக்குப் பின், ஒன்றரை மணி நேரத்துக்குள் முடியுங்கள். ஒருவர் முழுதாகப் பேசி முடித்தபின் மற்றவர், குறுக்கே வராமல், அவர் சொன்னதைத் தன் வாயால் திருப்பிச் சொல்லட்டும். 'நீ சொல்றது இதுதானே?' என்று கேட்டு ஆமாம் வாங்கியபின் பதில். நிலம், நகை, மொய், மரியாதை என்று தனித்தனியாகப் பிரித்து, ஒரு நாளுக்கு ஒன்றுதான். கடைசியில் ஒப்புக்கொண்டதை அரைப் பக்கத்தில் எழுதி, தேதியோடு ஆளுக்கொரு நகல்.

ஒத்துவராவிட்டால் மதுரை மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் சட்டப்பணிகள் ஆணைக்குழு இருக்கிறது, தொலைபேசி எண் 15100. பெண்களுக்கு வருமானம் எவ்வளவு இருந்தாலும் இலவச உதவி உண்டு. பெற்றோரைக் கவனிக்காத வழக்கென்றால் 2007-ம் ஆண்டுச் சட்டப்படி கோட்டாட்சியரிடம் மனுக் கொடுக்கலாம், முதியோர் உதவி எண் 14567. கவனித்துக்கொள்வதாகச் சொல்லி எழுதி வாங்கிய தானப் பத்திரத்தை, அந்த நிபந்தனை பத்திரத்தில் இருந்தால், அங்கேயே ரத்து செய்யக் கேட்கலாம்.

கை நனைக்காமல் போன தாய்மாமன் வீட்டுக்கு எப்போது போவது?

மூன்று நாளுக்குள். அதற்குமேல் போனால் அவர் வீட்டில் அந்தக் கதை நாலு விதமாகப் பேசப்பட்டு இறுகிவிடும். தேங்காய், பழம், விசேஷத்தில் அவருக்கென்று எடுத்து வைத்த வேட்டி துண்டு, காது குத்திய பிள்ளை. பிள்ளையை அவர் மடியில் உட்கார வைத்துவிட்டு அடுப்படிக்குப் போய் அத்தையிடம் பேசிக்கொண்டிருங்கள். மாமன் பிள்ளையின் காதைத் திருப்பிப் பார்த்து, "புண்ணு ஆறிருச்சா, என்னா எண்ணெய் வக்கிறீங்க?" என்று கேட்டால் அன்று அங்கேயே சாப்பிட்டுவிட்டுக் கிளம்பலாம்.